வெயிலில் முந்திய கெடு: சுழலொலி பற்றி ஒரு நிகழ்வு ஆய்வு

வழக்கு இதுதான். மலைநகரைச் சேர்ந்த ஒருவர் சமவெளி நகரில் விதைக்கடன் வாங்குகிறார். கெடு 2,16,000 சுற்று; அங்கே நேரத்தை அளப்பது சுற்றுகளில்தான். அதற்குள் அடைக்காவிட்டால் ஈடாக வைத்த நிலம் போய்விடும். அவர் பணத்தோடு வந்து சேரும்போது அவர் ஊர்க் கணக்குப்படி 2,15,000 சுற்றுதான் ஓடியிருக்கிறது. இன்னும் ஆயிரம் பாக்கி. சமவெளி நகரிலோ கெடு முடிந்து, நம் கடிகாரப்படி, ஐந்து மணி நேரம் ஆகிவிட்டது. இரு தரப்பிலும் பொய் இல்லை. சரி, ஒப்பந்தத்தையே கேட்டுவிடலாம் என்றால் அதுவும் இல்லை. கெடு முடிந்த கையோடு அதைக் குழாயிலிருந்து துடைத்துவிட்டார்கள்.

இது நான் கட்டிக்கொண்டிருக்கும் ஒரு கற்பனை உலகத்தில் நடப்பது. ஒலியைச் சேமிக்கும் கருவி என்றாலே கதைகளில் ஒரு மந்திர ஜாடி வந்துவிடும். பேசி மூடிவைத்தால் நூறு ஆண்டு கழித்துத் திறந்தாலும் அதே குரல் கேட்கும். அப்படிப்பட்ட கருவியை வைத்துக்கொண்டு என்ன கதை சொல்வது என்று எனக்குப் பிடிபட்டதே இல்லை. எதையும் இழக்காத கருவியால் யாருக்கும் எந்தச் சிக்கலும் வராது. ஒலியைக் குழாயில் சுற்றவிட்டுச் சேமிக்கும் என் கருவியான சுழலொலிக்கு நான் கொடுத்த குறைகள் எல்லாம் நிஜ இயற்பியலிலிருந்து எடுத்தவை. இந்த வழக்கில் வில்லன் என்று தனியாக ஒருவர் தேவைப்படாமல் போனதற்கு அதுவே காரணம்.

கருவி எப்படி ஓடுகிறது

அந்த உலகத்தில் வானம் எப்போதும் மேகத்தால் மூடிக்கிடக்கும். சூரியன் எங்கே இருக்கிறது என்று தெரியாது, அதன் சூடு மட்டும் வெயிலாக இறங்கும். நட்சத்திரம் கிடையாது. எழுத்து உண்டு, ஆனால் வழக்கு மன்றத்தில் செல்லாது. எழுதியதை இரவோடு இரவாகத் திருத்திவிடலாம் என்பது அவர்கள் வாதம். ஊரே கேட்க ஓடிக்கொண்டிருக்கும் ஒலி மட்டும்தான் சாட்சி.

1,372 மீட்டர் நீளமுள்ள ஒரு குழாய், சுருண்டு சுருண்டு போய்த் தொடங்கிய இடத்துக்கே திரும்பி வருகிறது. உள்ளே வெறும் காற்று. 20 டிகிரி செல்சியஸில் காற்றில் ஒலி விநாடிக்கு 343 மீட்டர் போகும். ஆக, ஒரு முனையில் தட்டிய தட்டு மறுமுனைக்கு வர நான்கு விநாடி. அந்த நான்கு விநாடியை நாற்பது இடங்களாகப் பிரித்திருக்கிறார்கள். ஓர் இடத்தில் தட்டு இருக்கலாம் அல்லது வெறுமை இருக்கலாம். மறுமுனையில் மெல்லிய தோல் ஒன்று இழுத்துக் கட்டியிருக்கும். தட்டு வந்ததும் தோல் துடிக்கும், துடித்தால் ஒரு நெம்பு விலகும், நீர்ச்சக்கரம் தூக்கி வைத்திருந்த சுத்தி விழும், அதே தட்டு புதுத் தெம்போடு மறுபடி குழாய்க்குள் போகும்.

1883இல் கிரகட்டோவா எரிமலை வெடித்த ஓசை ஏறத்தாழ 4,800 கிலோமீட்டர் தள்ளியிருந்த ரோட்ரிகஸ் தீவில் சுமார் நான்கு மணி நேரம் கழித்துக் கேட்டது. அந்த நான்கு மணி நேரம் அது இருந்தது வழியில்தான். அந்தப் பாதையை வளைத்து, முடிவைத் தொடக்கத்தோடு கோத்துவிட்டால் அது ஒரு நினைவகம். எந்த இடத்திலும் எதுவும் நிற்காது, ஓடிக்கொண்டே இருப்பதால் மட்டும் இருக்கும்.

நாற்பது இடத்தில் என்ன எழுத முடியும் என்று கேட்கலாம். யார், யாருக்கு, எவ்வளவு, எப்போதுக்குள் என்று நான்கு கேள்வி. ஒவ்வொன்றுக்கும் பத்து இடம். பத்து இடத்தில் தட்டையும் வெறுமையையும் மாற்றி மாற்றி வைத்தால் 1,024 சேர்க்கை கிடைக்கும். ஒரு சின்ன நகரத்துக் கடன் கணக்குக்குத் தாராளம்.

குரலையே அப்படியே சுற்றவிட்டால் என்ன என்பதும் நியாயமான கேள்விதான். ஒவ்வொரு சுற்றிலும் கொஞ்சம் மங்கும், கொஞ்சம் இரைச்சல் சேரும். பெருக்கி அனுப்பினால் இரைச்சலும் சேர்ந்தே பெருகும். ஆயிரம் சுற்று போனபின் ஆள் யார் என்றே தெரியாது. தட்டு விஷயத்தில் அந்தத் தொல்லை இல்லை. மங்கிப்போன தட்டும் தட்டுதான். சுத்தி அதைப் புதிதாக அடித்து அனுப்பும்.

இதெல்லாம் நடந்ததுதான்

பாதரசத்தை வைத்து இதைச் செய்தே காட்டியிருக்கிறார்கள். கேம்பிரிட்ஜ் பல்கலைக்கழகத்தில் மாரிஸ் வில்க்ஸ் குழு கட்டிய எட்சாக் கணினி 1949 மே 6 அன்று தன் முதல் நிரலை ஓட்டியது. அதன் நினைவகம் பாதரசம் நிரப்பிய குழாய்கள்தான். ஒவ்வொன்றும் ஏறத்தாழ ஒன்றரை மீட்டர் நீளம். ஒரு முனையில் ஒரு குவார்ட்ஸ் படிகம் மின்துடிப்பை ஒலித்துடிப்பாக மாற்றும். மறுமுனையில் இன்னொரு படிகம் அதை மறுபடி மின்னாக்கும். சுற்று மின்பகுதி அதைச் சீர்செய்து திருப்பி அனுப்பும். ஒரு குழாயில் 576 துடிப்பிடங்கள். என் குழாய் ஒரு கிலோமீட்டரைத் தாண்டியும் நாற்பதோடு நிற்கிறது. காரணம் துடிப்புகளின் இடைவெளி. எட்சாக்கில் அது 2 மைக்ரோவிநாடி, தோலும் சுத்தியும் வைத்து வேலை செய்யும் என் ஆட்களுக்குப் பத்தில் ஒரு விநாடி.

பின்னால் வந்த ‘பால்’ (PAL) என்ற ஒளிபரப்பு முறையின் வண்ணத் தொலைக்காட்சிப் பெட்டிகளுக்குள்ளும் ஒரு சிறு கண்ணாடித் துண்டு இருந்தது. படத்தின் ஒரு வரி நிறத்தகவலை 64 மைக்ரோவிநாடி ஒலியாக உள்ளே ஓடவிட்டு, அடுத்த வரியோடு சேர்ப்பதுதான் அதன் வேலை. வீட்டுக் கூடத்தில் ஒலி நினைவகம் இருந்ததைக் கவனித்தவர்கள் மிகக் குறைவு.

காற்றுக் குழாயில் அவ்வளவு தூரம் ஒலி போகுமா என்ற சந்தேகத்துக்குப் பதில் பாரிஸில் இருக்கிறது. 1808இல் ழான்-பாப்டிஸ்ட் பியோ அங்குள்ள இரும்புத் தண்ணீர்க் குழாய்களில் 951 மீட்டர் தூரத்துக்குச் சோதனை செய்தார். கிசுகிசுத்துப் பேசியதுகூட மறுமுனையில் கேட்டது. குழாய்க்குள் ஒலி நாலாபக்கமும் பரவ வழியில்லாததால் மெலிவதும் குறைவு. ஆனால் அதே சோதனையில் இன்னொன்றும் தெரிந்தது. ஒரு தட்டுக்கு இரண்டு ஓசை கேட்டது. முதலில் இரும்பின் வழியே ஒன்று, இரண்டரை விநாடி கழித்துக் காற்றின் வழியே ஒன்று.

என் கருவிக்கு இது ஆகவே ஆகாது. இரும்பு வழியாக முந்தி வரும் பொய்த் தட்டு வேறோர் இடத்தில் போய் உட்காரும். ஒருவர் கடன் இன்னொருவர் தலையில் விழும். அதனால் குழாய்களைச் சுட்ட மண்ணால் செய்து, துண்டுக்குத் துண்டு தோல் இணைப்பு வைத்தேன். குழாய்ச் சுவர் வழியே ஓடும் ஒலி தோல் இணைப்பில் அறுந்துபோகும். மண் குழாய் என்று முடிவானதும் சமவெளியில் அதைத் தரைமேல் பரப்பினார்கள், மலையில் பாறையைக் குடைந்து உள்ளே போட்டார்கள். வழக்கின் விதை இங்கேதான் விழுந்தது.

குழாயடியில்

பணம் கொண்டுவந்தவர் முதலில் போனது கடன் கொடுத்தவர் வீட்டுக்கு அல்ல, குழாயடிக்கு.

"ஐயா, என் கெடுவுக்கு இன்னும் ஆயிரம் சுத்து கெடக்கு. ஒருதரம் பாத்துச் சொல்லுங்க."

குழாய்க் காவலர் தோலின்மேல் விரலை வைத்துப் பார்க்கிறார். துடிப்பு இருக்கிறது.

"உன் எடத்துல இப்ப ஒரு கல்யாண ஒப்பந்தம் ஓடுதுப்பா. உன்னுது முடிஞ்சு போச்சு."

"முடிஞ்சதுன்னா? எங்கூருல எண்ணிட்டுத்தானே கெளம்புனேன்?"

"நானும் எண்ணிட்டுத்தான் தொடச்சேன்."

இரண்டு பேரும் எண்ணியதை ஒருமுறை பார்த்துவிடலாம். சுழலொலிக்கூடத்தில் குழாய்கள் இரட்டை இரட்டையாக ஓடும். ஒன்று நினைவுக் குழாய். பக்கத்திலேயே தாளக் குழாய், அதில் நாற்பது இடத்திலும் தட்டு. எந்தத் தட்டு எந்த இடத்தில் விழ வேண்டும் என்று சுத்திக்குச் சொல்வது இதுதான். ஊருக்கு நேரம் சொல்வதும் இதுதான். தாளம் ஒருமுறை சுற்றி வந்தால் ஒரு சுற்று. தனியாகக் கடிகாரம் என்று அந்த உலகத்தில் ஒன்று இல்லை.

வெப்பம் ஏறினால் காற்றில் ஒலியின் வேகமும் ஏறும், டிகிரிக்குச் சுமார் 0.6 மீட்டர். மலைக்குடைவில் எப்போதும் 20 டிகிரி. சமவெளியில் இரவு பகல் சேர்த்துச் சராசரி 35 டிகிரி என்று வைத்தேன். அங்கே ஒலி விநாடிக்கு 352 மீட்டர் போகும். அதே 1,372 மீட்டரை அது 3.9 விநாடிக்குள் முடித்துவிடும். நம் கணக்கில் ஒரு நாளைக்கு மலைநகரில் 21,600 சுற்று ஓடினால் சமவெளியில் ஏறத்தாழ 22,160 சுற்று ஓடியிருக்கும். நாளொன்றுக்கு முப்பத்தேழு நிமிடம் முந்துகிறது. பத்து நாள் கெடு ஆறு மணி நேரம் முன்னதாகவே தீர்ந்துவிடும். வந்தவர் தன் கணக்கில் ஒரு மணி நேரத்துக்கு மேல் முன்னதாக வந்தும் ஐந்து மணி நேரம் தாமதமாகிவிட்டார்.

சமவெளி ஊர்க்காரர்களுக்கு இது ஏன் இத்தனை காலம் உறைக்கவில்லை? தாளக் குழாயும் நினைவுக் குழாயும் ஒரே வெயிலில் காய்கின்றன. இரண்டும் ஒரே அளவுக்கு முந்துகின்றன. தட்டுகள் தத்தம் இடத்திலேயே வந்து விழும், ஒன்றுகூடத் தவறாது. கருவி கச்சிதமாக வேலை செய்கிறது, நேரம் மட்டும் தப்பு. நிஜத்தில் ரேடார் பொறியாளர்கள் இதே உபாயத்தைத் தெரிந்தே கையாண்டார்கள். நகராத பொருள்களிலிருந்து வரும் எதிரொலியைக் கழித்துவிட, முந்தைய துடிப்பின் எதிரொலியைத் தாமதக் குழாயில் ஓடவிட்டு அடுத்ததோடு ஒப்பிட வேண்டும். வெப்பத்தால் தாமதம் மாறினால் ஒப்பீடு குலைந்துவிடும். அதனால் ரேடார் துடிப்பின் இடைவெளியையே அந்தக் குழாயிலிருந்து எடுத்துக்கொண்டார்கள். இரண்டும் சேர்ந்து மாறினால் மாற்றமே தெரியாது. அவர்களுக்கு அது தீர்வு. என் சமவெளிக்காரர்களுக்கு அதுவே கண்கட்டு.

நாழிகை வட்டில் (நீர்க்கடிகாரம்) ஒன்று வைத்திருந்தால் பிடித்திருக்கலாமே என்று கூர்மையான வாசகர் கேட்பார். வைத்தாலும் பிரயோசனம் குறைவு. சன்னமான துளை வழியே நீர் ஒழுகும் வேகம் நீரின் பாகுத்தன்மையைப் பொறுத்தது. 20 டிகிரியிலிருந்து 35 டிகிரிக்கு வந்தால் பாகுத்தன்மை கால் பங்குக்கு மேல் குறைகிறது. வெயிலில் வட்டிலும் முந்தும், குழாயும் முந்தும். பொய்ச்சாட்சிகள் இரண்டும் ஒரே பக்கம் நிற்கும்.

மணியும் குழலும்

தீர்ப்பாளர் முன்னால் விஷயம் வந்தபோது வாதத்துக்கு இடமே இல்லை. சாட்சி துடைக்கப்பட்டுவிட்டது. ஊர் எண்ணிக்கைக்கு எதிராக ஒரு தனிமனிதரின் எண்ணிக்கை. இந்த இடத்தில் நான் பல வழி யோசித்தேன். தூதர் ஓடிப்போய் மலைக்கணக்கைக் கொண்டுவரலாம், ஆனால் எடுத்து வரும் வழியில் கணக்கு காலாவதியாகிவிடும். கடைசியில் கைகொடுத்தவர்கள் இசைக்காரர்கள்.

ஊதுகருவியின் சுருதி உள்ளிருக்கும் காற்றில் ஒலி போகும் வேகத்தைச் சார்ந்தது. காற்று சூடானால் சுருதி ஏறும். கச்சேரி மேடையில் ஊதுபவர்கள் எல்லோருக்கும் இந்தத் தொல்லை தெரியும். உலோக மணிக்கோ பதினைந்து டிகிரி வித்தியாசம் ஒரு பொருட்டே அல்ல. மலைநகரிலிருந்து ஒரு மணியையும், துருத்தியால் ஊதும் ஒரு குழலையும் வரவழைக்கிறார்கள். ஊதுபவர் மூச்சின் சூடு கலந்துவிடக் கூடாது என்பதற்காகத் துருத்தி. மலையில் அந்த இரண்டும் ஒன்றாக ஒலிக்கும், அதற்கென்றே சேர்த்து வைத்த ஜோடி. சமவெளி மன்றத்தில், வெயில் காய்ந்த காற்றை நிரப்பி ஊதியதும் குழல் மணியைவிட உயர்ந்து நிற்கிறது. ஓர் அரைச் சுருதியில் ஏறக்குறைய பாதி. சேர்ந்து ஒலிக்கும்போது விம்மல் விம்மலாக அதிர்கிறது.

இதில் எனக்குப் பிடித்த பகுதி கணக்குதான். மணியின் அதிர்வெண் விநாடிக்கு 380 என்றால் குழல் 390க்கு ஏறியிருக்கும். இரண்டின் வித்தியாசம்தான் விம்மல், விநாடிக்குப் பத்து. பக்கத்தில் ஓடும் தாளக் குழாயின் தட்டும் விநாடிக்கு ஏறக்குறைய பத்துதான். இரண்டும் கிட்டத்தட்டச் சேர்ந்தே போவதால் எண்ணிப் பார்க்க முடியாத வேகத்தையும் காதால் அளந்துவிடலாம். குழல் எந்த விகிதத்தில் ஏறியதோ அதே விகிதத்தில்தான் சுற்றும் முந்தியிருக்கிறது, 2.6 சதவீதம். 2,16,000 சுற்றில் அது 5,600 சுற்றுக்கு மேல். வந்தவர் கேட்டது ஆயிரம்.

தவறு யார்மேல்? வெயில்மேல் போட்டுவிட்டுப் போய்விடலாம், ஆனால் வெயில் எப்போதும் இருந்ததுதான். என் பார்வையில் பெரிய ஓட்டை ஒப்பந்தத்தில் இருக்கிறது. எந்த ஊர்ச் சுற்று என்று அதில் சொல்லவே இல்லை. சொல்ல இடமும் இல்லை, நாற்பதும் நிரம்பிவிட்டது. அடுத்தது கெடு முடிந்ததும் துடைக்கும் வழக்கம். இடம் அரிதாக இருப்பதால் வந்த வழக்கம்தான், அதைக் குறை சொல்லவும் முடியவில்லை. அரிதான பொருளை யாரும் சும்மா வைத்திருக்க மாட்டார்கள். தீர்ப்பாளர் நிலத்தைத் திருப்பிக் கொடுக்கச் சொல்கிறார். காவலர்மேல் குற்றமில்லை என்றும் சொல்கிறார்.

வெந்நீர்

தீர்ப்புக்குப் பின்தான் உண்மையான பிரச்சினை தொடங்குகிறது. இரண்டு ஊருக்கும் பொதுவான சுற்று ஒன்று வேண்டும். குழாயைப் புதைப்பது, நிழல் போடுவது எல்லாம் அரைகுறைத் தீர்வு. பாதரசக் கணினிகளிலும் குழாய்களை வெப்பக் கட்டுப்பாட்டுக்குள் வைக்கப் பெரும்பாடு பட்டார்கள்.

கணினியியல் முன்னோடி ஆலன் டூரிங் இதற்கு ஒரு வழி சொன்னதாக வில்க்ஸ் பின்னாளில் நினைவுகூர்ந்திருக்கிறார். பாதரசத்துக்குப் பதில் ஜின் ஊற்றலாமாம். வேடிக்கை போல இருந்தாலும் உள்ளே சரக்கு இருக்கிறது. பெரும்பாலான திரவங்களில் சூடு ஏறினால் ஒலி மெதுவாகும். நீரிலோ தலைகீழ், சூடு ஏற ஏற வேகம் கூடும். ஆல்கஹாலையும் நீரையும் சரியான அளவில் கலந்தால் ஒன்றின் போக்கை மற்றொன்று சரிக்கட்டி, அறை வெப்பத்தில் வேகம் கிட்டத்தட்ட மாறாமல் நிற்கும்.

என் உலகத்தில் வடித்தெடுக்கும் தொழில் இல்லை. ஆனால் நீரின் போக்கிலேயே இன்னொரு வழி உண்டு. நீரில் ஒலியின் வேகம் ஏறிக்கொண்டே போய்ச் சுமார் 74 டிகிரியில் உச்சத்தைத் தொட்டு, அதற்குமேல் இறங்கத் தொடங்கும். உச்சியில் நிற்கும்போது ஒரு டிகிரி முன்னே பின்னே போனாலும் வேகம் அசையாது. அங்கே அது விநாடிக்கு 1,555 மீட்டர். மலையடிவாரத்தில் அந்தச் சூட்டில் ஒரு வெந்நீர் ஊற்றை வைத்தேன். அதன் நீரை 1,555 மீட்டர் குழாயில் ஓடவிட்டால் ஒரு தட்டு ஒரு விநாடியில் வரும், வெயிலிலும் குளிரிலும்.

அளவுகோல் கிடைத்துவிட்டது, ஆனால் தட்டை உள்ளே நுழைப்பது லேசில்லை. காற்றில் எழுப்பும் ஒலி நீர்ப்பரப்பில் பட்டால் ஆயிரத்தில் ஒரு பங்கு ஆற்றல்தான் உள்ளே போகும், மிச்சம் அப்படியே திரும்பிவிடும். இரண்டு ஊடகத்தின் ஒலி எதிர்ப்பும் ஒத்துப்போக வேண்டும். பாதரசம் குவார்ட்ஸ் படிகத்தோடு நன்றாக ஒத்துப்போனது, அதை அவர்கள் தேர்ந்தெடுத்ததற்கு அது ஒரு பெரிய காரணம். ஆகவே வெந்நீர்க் குழாயில் தோலும் காற்றும் உதவாது. நீரைத் தொட்டபடி ஒரு கல் தகடு, அதன்மேல் நேரடியாகச் சுத்தி. மறுமுனையிலும் கல் தகடு. அதன் நுண்ணிய அதிர்வை உணர்ந்து நெம்பை விடுவிக்கும் பொறியை இன்னும் திருப்தியாக வடிவமைக்க முடியவில்லை. தகட்டின்மேல் உலர்ந்த தானிய மணிகளைப் பரப்பி அவை துள்ளுவதைப் பார்ப்பது ஒரு யோசனை. கண்ணால் பார்த்துக் கையால் விடுவித்தால் ஐந்தில் ஒரு விநாடி போய்விடும், அதுவும் ஆளுக்கு ஆள் மாறும்.

ஊற்று இருப்பது மலைநகரின் எல்லைக்குள். பொதுச் சுற்று என்று ஒன்று வந்தால் அதை எண்ணிச் சொல்லும் உரிமை யாருக்கு என்பதில் சமவெளிக்காரர்கள் இப்போதே முறைத்துக்கொண்டிருக்கிறார்கள். அவர்கள் பயம் நியாயமானது. சுழலொலிக்கூடத்தில் நான்கு விநாடி சுத்தி விழாமல் நின்றால் ஒரு நகரத்தின் கடன், கல்யாணம், நிலம் அத்தனையும் அழிந்துபோகும். வெந்நீர்க் குழாயில் அதற்கு ஒரு விநாடி போதும். ஊற்றடியில் இரண்டு ஊர்க் காவலரும் சேர்ந்தே நிற்க வேண்டும் என்ற ஒப்பந்தத்தை அடுத்த பகுதிக்கு எழுதிக்கொண்டிருக்கிறேன். அதையும் நாற்பது இடத்துக்குள்தான் அடக்கியாக வேண்டும்.